சொத்து எண் 64

நாங்குநேரி கோர்ட்டில் என் பொறுப்பில்
ஒரு பச்சை பீரோ, இரண்டு சாவி.
மேல்தட்டில் அரிவாள்கள், சணல் சுற்றி, அட்டை கட்டி.
நடுத்தட்டில் ரத்தம் காய்ந்து கருத்த வேட்டி,
ஒற்றைச் செருப்பு, மண்ணெண்ணெய் வாடை போகாத கேன்.
அடித்தட்டில் பாஸ்போர்ட்டுகள்.
குவைத்தும் மஸ்கட்டும் ஒரு மலேசியாவும்
ஒன்றன்மேல் ஒன்றாகப் படுத்திருக்கும்.

அழகியநம்பி, தகப்பனார் ஆழ்வாரப்பன், திருக்குறுங்குடி.
எங்கள் தமிழில் குற்றம் சாட்டப்பட்டவருக்கு
எதிரி என்று பெயர்.
இவர் மூன்றாம் எதிரி.
யாருக்கு என்று கேட்கக் கூடாது.

தம்மாமிலிருந்து நாற்பத்தைந்து நாள் லீவு.
முப்பத்தோராவது நாள்
பஸ் ஸ்டாப்பில் ஃப்ளெக்ஸ் கிழிந்த சண்டை.
"பைக்கப் பிடிச்சிக்கிட்டு நின்னேன் மேடம்,
சாஞ்சிரும்னு."
சைடு ஸ்டாண்டு உடைந்த பைக்.
அது குற்றப்பத்திரிகையில் இல்லை.

ஜாமீனுக்கு நிபந்தனை:
இரண்டு ஜாமீன்தாரர்.
தினமும் காலை பத்தரைக்கு ஸ்டேஷனில் கையெழுத்து
(பிறகு தளர்த்தி, திங்கட்கிழமை மட்டும்).
பாஸ்போர்ட்டை இந்த நீதிமன்றத்தில் ஒப்படைக்க வேண்டியது.

மஞ்சப்பைக்குள் பிளாஸ்டிக் கவர்,
கவருக்குள் துண்டு, துண்டுக்குள் அது.
"நனையாம பாத்துக்கிடுங்க" என்றார்,
நான் என்னவோ அதைக் கடலுக்குக் கொண்டுபோகிறமாதிரி.

ரிஜிஸ்டரில் எழுதினேன்: பாஸ்போர்ட் ஒன்று.
மறுநாள் சாப்பாட்டு நேரத்தில் பிரித்துப் பார்த்தேன்.
செய்யக் கூடாதுதான்.
எனக்குப் பாஸ்போர்ட் கிடையாது,
ஒன்று எப்படி இருக்கும் என்று பார்க்க வேண்டியிருந்தது.
போட்டோவில், சிரிக்காமலிருக்கக் கஷ்டப்படும் முகம்.
பின்னட்டையில் செல்லோடேப் போட்டு ஒட்டிய
ஒரு சிம் கார்டு, மேலே அரபி எழுத்து.
அதையும் ரிஜிஸ்டரில் ஏற்றியிருக்க வேண்டும்.
ஏற்றவில்லை.

வாய்தாவுக்கு வரும்போதெல்லாம் கதவோரம் நிற்பார்.
"இருக்கா மேடம்?"
"இருக்கு."
அவ்வளவுதான் எங்களுக்குள் நாலு வருஷம்.
விரல்களில் வாழைக்கறை ஏறிக்கொண்டே வந்தது.
களக்காட்டில் தார் ஏற்றப் போகிறாராம்.
விசா முடியுமுன் ஒரு மனு போட்டார்,
இரண்டு மாதத்துக்கு மட்டும் தரச்சொல்லி.
தப்பிச் செல்ல வாய்ப்புள்ளது என்று ஆட்சேபணை.
ஏர்வாடி பஸ்ஸை விட்டால்
அடுத்ததுக்கு ஒரு மணி நேரம் வெயிலில் நிற்கிறவர்.
மனு தள்ளுபடியான அன்றைக்கும் கேட்டார்:
"இருக்கா மேடம்?"

மூன்று மாஜிஸ்திரேட் மாறினார்கள்.
சாட்சிகள் ஒவ்வொருவராய்ப் பிறழ்ந்தார்கள்.
அடிபட்டவரும் முதல் எதிரியும்
பங்குக்கு ஒரு லாரி வாங்கியிருப்பதாக டவாலி சொன்னார்.
விடுதலை.
அப்பீல் காலம் கழியட்டும் என்று
அதற்குமேலும் சில மாதம் பீரோவில் கிடந்தது.

இன்று வந்தார்.
உத்தரவு நகல், ஆதார் நகல், துவைத்த சட்டை.
சணலை அவிழ்த்தேன்.
அட்டையோரம் பூச்சி அரித்திருந்தது.
தேதியை அது தொடவில்லை:
போன பங்குனியோடு பாஸ்போர்ட்டே முடிந்திருந்தது.
அவர் அந்தப் பக்கத்தைத் திருப்பவேயில்லை.
நேரே பின்னட்டை.
கறை படிந்த நகத்தால் டேப்பைக் கிளப்பினார்.
"சிம்மு செத்திருக்குமே" என்றேன்.
"செத்திருக்கும். உள்ள ஒரு நம்பர் கெடக்குல்லா."
யாருடையது என்று சொல்லவில்லை.
பட்டியலில் ஒரு சொத்தை விட்டவள் நான்,
கேட்கவில்லை.

பெற்றுக்கொண்டேன் என்ற இடத்தில் கையெழுத்திட்டார்,
தாளைப் பார்க்காமலே, அவ்வளவு பழகிய கை.
அதே ஓட்டத்தில் கீழே நேரத்தையும் போட்டது:
காலை 10.30.
சுவர்க் கடிகாரத்தில் மணி மூணே கால்.
நான் அடித்துத் திருத்தவில்லை.